விலா எலும்புகள் யாவும் கற்பனையே

ராணுவச் சட்டம் வந்ததும் மணிலாவில் ஒழுக்கம் கரைபுரண்டு ஓடியது. திரையில் நிர்வாணம் கூடாது என்று உத்தரவு. நாங்களோ சட்டத்துக்குக் கட்டுப்பட்டவர்கள். கதாநாயகிக்கு மெல்லிய வெள்ளை சிம்மீஸை மாட்டி ஆற்றில் இறக்கினோம். நனைந்தால் என்ன ஆகும் என்பதைப் பற்றி உத்தரவில் ஒரு வரி கிடையாது. நான் எழுதிய படத்தில் ரெமெடியோஸ் நாலு தடவை குளித்தாள்.

அவளுக்கு இருபத்தாறு வயது, முதல் படம். தணிக்கையில் தேறாவிட்டால் பழையபடி மீன் டப்பா ஆலைதான் அவளுக்குக் கதி.

தணிக்கைக் குழுத் தலைவர் கர்னல் லக்சமானா பொதுநலன் கருதிப் படத்தை மூன்று முறை பரிசீலித்தார். அப்புறம் எங்கள் இருவரையும் கூப்பிட்டார்.

"இதை ஜனங்களுக்குக் காட்ட முடியாதுய்யா."

"மார்பு தெரியற இடத்தை வெட்டிடட்டுமா சார்?" என்றேன்.

"அதை ஏன் வெட்டறே? அது கலை. அதுக்குக் கீழே பாரு. விலா எலும்பு. இடது பக்கம் அஞ்சு, வலது பக்கம் நாலு."

"வலது பக்கமும் அஞ்சுதான் சார். கை மறைக்குது," என்றாள் ரெமெடியோஸ்.

"அதிபர் அமைச்ச புதிய சமுதாயத்துல பட்டினியே கிடையாதும்மா. இதை வெளிநாட்டுக்காரன் பார்த்தா என்ன நினைப்பான்?"

"அப்போ நனையாம குளிக்கட்டுமா?" என்றாள்.

"காய்ஞ்ச துணியை எவன் பார்ப்பான்?" கர்னலுக்கு நிஜமாகவே வருத்தம். "ஒரு மாசம் வயிறாரச் சாப்பிட்டுட்டு வா. திரும்ப எடுக்கட்டும்."

"சோறு யாரு சார் போடுவாங்க, குழுவா?"

அதற்கு விதியில் இடமில்லையாம்.

ஆறு அமர்வு, இரண்டு துணைக்குழு. கடைசியில் படம் வெட்டில்லாமல் தேறியது, ஒரே நிபந்தனையோடு. அதன்படி படத்தின் தொடக்கத்தில் இப்படிப் போட்டோம்: 'இப்படத்தில் இடம்பெறும் விலா எலும்புகள் யாவும் கற்பனையே. உயிரோடு இருப்பவர் எவருடைய எலும்பையும் குறிப்பன அல்ல.'

முதல் நாள் மதியக் காட்சி, கொட்டகை நிரம்பி வழிந்தது. தலையில் துணியைச் சுற்றிக்கொண்டு ரெமெடியோஸ் என்னோடு பின்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். படம் முடிந்ததும் எங்களுக்கு முன்வரிசையில் துறைமுகக் கூலிகள் இரண்டு பேர் எழுந்தார்கள்.

"ஏதோ எலும்புன்னு போட்டானே, எங்கேடா வந்துச்சு?"

"நாய் ஏதாச்சும் கவ்விட்டுப் போயிருக்கும். நான் கவனிக்கலை."

ரெமெடியோஸ் தலைத்துணியை அவிழ்த்தாள். "இத்தனை பேர்ல அந்தக் கர்னல் ஒருத்தன் கண்ணுலதான் நான் பட்டினின்னு பட்டிருக்கு, அண்ணே."

நான் இருக்கிறேனே என்று சொல்ல வாயெடுத்தேன். மூன்று மாதம் படப்பிடிப்பில் தினமும் அவள் பக்கத்திலேயே இருந்தவன் நான். ஒரு நாளாவது மதியம் அவள் சாப்பிட்டாளா என்று எனக்குத் தெரியாது.