இரவல் குரலில் இறந்தவர்

இத்தாலி அண்ணையைப் போல அத்தனை முறை செத்து, அத்தனை முறையும் மறுநாள் காலையில் வேலைக்குப் போன மனிதர் இவ்வுலகில் இன்னொருவர் இருந்திருக்க முடியாது. வாளால் செத்தார்; அம்பால் செத்தார்; எரிமலைக் குழம்பில் ஒருமுறையும் முதலை வாயில் இருமுறையும் செத்தார். அவ்விரண்டு முதலைகளும் உண்மையில் ஒரே இறப்பர் முதலைதான் என்பதைப் பின்னாளில் அவரே ஒப்புக்கொண்டார்.

மன்னாரிலிருந்து புறப்பட்டு, உரோமை நகரில் ஓர் உணவகத்தில் கோப்பை கழுவிக்கொண்டிருந்தவரை எண்பதுகளில் படப்பிடிப்புக்காரர் ஒருவர் மீசைக்காகவே அழைத்துப்போனாராம். அன்று தொடங்கிப் பதினைந்து ஆண்டுகள் இத்தாலியத் திரைப்படங்களில் அவர் துணைநடிகர். துருக்கியக் கடற்கொள்ளையர், எகிப்திய அடிமை, மெக்சிக்கக் கள்வர், மகாராசாவின் மெய்க்காவலர் என்று இத்தாலியர் அல்லாத எல்லா இனத்தவராகவும் நடித்தார். தமிழராக நடிக்க மட்டும் அவரை ஒருவரும் அழைக்கவில்லை. மொத்தம் எத்தனை படங்கள் என்று கேட்டால் நூற்றுப் பதினேழு என்பார். அடுத்த ஞாயிறு பூசை முடிந்து கேட்டால் நூற்று இருபத்திரண்டு என்பார். இலண்டனில் எங்கள் கிங்ஸ்பரியை விட்டு அசையாமலே ஒரு வாரத்தில் ஐந்து இத்தாலியப் படங்களில் நடிக்கும் ஆற்றல் வேறு எவருக்கு வாய்க்கும்?

அவருடைய திருமுழுக்குப் பெயர் குடிவரவு அலுவலகத்துக்கும் அவர் மனைவி றெஜினா அக்காவுக்கும் மட்டுமே தெரியும். இத்தாலி அண்ணை என்னைவிட இரண்டு வயது இளையவர்தாம். ஆயினும் எங்கள் தேவாலயப் பங்கு முழுவதும் ‘அண்ணை’ என்றபோது தமிழ் வாத்தியாரான நான் ஒருவன் மாத்திரம் வேறு முறை கொண்டாடுவது அழகன்று.

பழைய ஒளிநாடாக்களைப் பேழை பேழையாகச் சேர்த்து வைத்திருந்தார். ஒரு சனிக்கிழமை என்னைத் தொலைக்காட்சி முன் இருத்தினார்.

“மாஸ்டர், கண்ணை வெட்டாமல் பாருங்கோ. இப்ப வாறன்.”

நான் தும்மினேன்.

“பாத்தியளே?”

“எதை?”

“செத்துப்போட்டன்!”

நாடாவைப் பின்னோக்கி ஓட்டினார். இம்முறை றெஜினா அக்கா தேநீர்த் தட்டுடன் குறுக்கே வந்தார். அவர் விலகுவதற்குள் அண்ணை மீண்டும் மாண்டு, கப்பலிலிருந்து கடலிலும் விழுந்துவிட்டார்.

“இந்த மனுசன் சாகிறதைப் பாக்க எண்டு எவ்வளவு சனம் வந்து போட்டுது,” என்றார் அக்கா. “ஒருத்தரும் இன்னும் பாக்கேல்லை.”

படத்தொழிலை விட்ட பின்னும் தொழில் அவரை விடவில்லை. நடக்கும் எதற்கும் பின்வரிசையில் நின்று முகத்தால் பதில் சொல்வது துணைநடிகரின் கடமையல்லவா? எட்மண்டனில் நடந்த ஒரு திருமணத்தில், மாப்பிள்ளை தாலி கட்டிய அதே நொடியில், மணப்பெண்ணுக்குப் பின்னால் நின்ற அண்ணை நெஞ்சில் கைவைத்து, விழி பிதுங்கி, இரண்டு அடி பின்வாங்கினார். அத்தனையும் காணொளியில் பதிவாகிவிட்டது.

“ஆரப்பா இந்தாள்?” என்று மாப்பிள்ளையின் தகப்பனார் பெண் வீட்டாருக்குத் தொலைபேசியில் சத்தமிட்டார். “எங்கடை பெடியன் தாலி கட்டினதுக்கு இவருக்கு ஏன் இவ்வளவு அதிர்ச்சி? எங்களுக்குத் தெரியாமல் என்னவும் இருக்குதோ?”

அதில் ஒன்றும் இல்லை என்று தெளிவிக்கப் பங்குத் தந்தை நேரில் போக வேண்டியதாயிற்று.

இப்படிப்பட்டவர் ஒருநாள் என் வீட்டுக்கு வந்து தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு அமர்ந்தார். பங்குத் திருவிழாவுக்கு நான் ஒரு நாடகம் எழுதியிருந்தேன். கொடுங்கோல் மன்னன் ஒருவன் குற்றமற்ற இளவரசனை வெட்டும்படி ஆணையிடுகிறான்; தளபதி மறுக்கிறான்; மன்னன் தானே வெட்டிவிடுகிறான். தளபதிக்கு ஒரே ஒரு வசனந்தான்.

“மாஸ்டர், அந்தத் தளபதி வேசத்தை எனக்குத் தாங்கோ.”

“நூறு படத்துக்கு மேலை நடிச்ச உங்களுக்கு இந்த ஒரு வசனம் என்னத்துக்கு அண்ணை?”

“ஒரு படத்திலயும் நான் கதைக்கேல்லை, மாஸ்டர். அங்கை படம் எடுக்கேக்கை சத்தம் பிடிக்கிறேல்லை. எல்லாம் முடிஞ்சாப் பேந்து வேறை ஆக்கள் வந்து குரல் குடுப்பினம். எனக்கு எப்பவும் ஒரு மிலான்காரன். செத்தாலும் அவன்ரை குரலிலைதான் செத்தனான்.”

“அப்ப நடிக்கேக்கை வாயாலை என்ன சொல்லுவியள்?”

“ஒண்டு, ரெண்டு எண்டு எண்ணுவன். கோவமெண்டால் இருபதிலை தொடங்குவன். அழுகைக்கு முப்பத்தெட்டு நல்லம்.”

நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

“றெஜினா எல்லாப் படமும் பாத்தவள். ஒண்டிலயும் என்ரை குரல் இல்லை. ஒருக்காலாவது நான் சனத்துக்கு முன்னாலை கதைக்கிறதை அவள் கேக்க வேணும்.”

வேடத்தைக் கொடுத்தேன். ‘வேந்தே! மாசற்ற மைந்தன்மீது என் வாள் ஒருபோதும் எழாது!’ என்பது அவ்வசனம். இரண்டு நாள் இருந்து மெருகிட்டது.

முதல் ஒத்திகையில் அண்ணை முன்னே வந்தார். கண்களில் தீப்பொறி பறந்தது. “இருபத்தொண்டு! இருபத்திரண்டு! இருபத்திமூண்டு!” என்று முழங்கினார்.

மன்னராக நின்றவர் மருந்துக்கடை அன்ரன். “அண்ணை, இது அரண்மனை. நம்பர் கூப்பிட இது என்ரை மருந்துக்கடை இல்லை,” என்றார்.

“வசனத்தைச் சொல்லுங்கோ அண்ணை,” என்றேன்.

“அதைப் பேந்து போடுவினம்தானே?” என்றவர், மறுகணமே தலையில் அடித்துக்கொண்டார்.

பேருந்தில் பிழையின்றிச் சொன்னார். என் வீட்டில் பிழையின்றிச் சொன்னார். மேடை விளக்கு முகத்தில் பட்டதும் எண்கள்தாம் வந்தன. நான்காம் ஒத்திகையில் அறுபதைத் தாண்டினார். பங்குத் தந்தை என்னைத் தனியே அழைத்தார்.

“மாஸ்டர், கூட்டல் கணக்குக் கேக்கவோ சனம் வரும்? அந்த வசனத்தை உங்கடை குரலிலை பதிஞ்சு வையுங்கோ. அவர் தடுமாறினால் ஸ்பீக்கரிலை போடுவம்.”

இசைந்தேன். பதிந்தும் கொடுத்தேன். அண்ணையிடம் மட்டும் சொல்லவில்லை. நான் செய்த பிழை அது.

திருவிழா ஞாயிறு பிற்பகல். மண்டபம் நிறைந்திருந்தது. மூன்றாம் வரிசையில் றெஜினா அக்கா கைப்பையை மடியில் அணைத்தபடி அமர்ந்திருந்தார். மன்னர் கைநீட்டி, “வெட்டு இவனை!” என்றார். அண்ணை முன்னே வந்தார். விளக்கு முகத்தில் விழுந்தது.

“ஒண்…” என்று தொடங்கி நிறுத்திக்கொண்டார். ஒலியமைப்பைப் பார்த்துக்கொண்டிருந்த செல்வம் வாடகைக்கார் ஓட்டுநர். சிவப்பு விளக்கில்கூடப் பொறுமை இல்லாதவர். பொத்தானை அமுக்கிவிட்டார்.

‘வேந்தே! மாசற்ற மைந்தன்மீது…’ என்று என் குரல் ஒலிபெருக்கியில் இடித்தது. பதினைந்து ஆண்டுப் பழக்கம்! அண்ணையின் உதடுகள் தாமாகவே அக்குரலோடு மயிரிழை பிசகாமல் அசைந்தன. மண்டபம் கைதட்டியது.

கைதட்டல் ஓய்ந்த இடைவெளியில் மூன்றாம் வரிசையிலிருந்து, றெஜினா அக்கா பக்கத்தில் இருந்தவரிடம் சொன்ன ஒரு வார்த்தை எல்லாருக்கும் கேட்டது.

“அது இவர் இல்லை. மாஸ்டர் எல்லோ கதைக்கிறார்!”

அண்ணை ஒலிபெருக்கியைப் பார்த்தார். மூன்றாம் வரிசையைப் பார்த்தார். வாளை மெதுவாக உறையிலிட்டார்.

“மன்னா, அவள் சொல்லுறது சரி. இப்ப நான் கதைக்கிறன், கேளுங்கோ,” என்றார். “இந்தப் பிள்ளை ஒரு பிழையும் செய்யேல்லை. இவனை வெட்ட எனக்கு ஏலாது.”

அந்தக் குரல் மெல்லியது, கரகரத்தது, முடிவில் எண்ணெய் காணாத கதவுபோல் சற்றுக் கிறீச்சிட்டது. மறுமொழியாகப் பத்து வரி வைத்திருந்த மன்னர் அத்தனையையும் மறந்து, “சரி அண்ணை, விடுங்கோ,” என்றுவிட்டார். இளவரசன் பிழைத்துக்கொண்டான். அவன் சாவுக்காக நான் எழுதியிருந்த புலம்பற் காட்சி முழுவதும் வீணாயிற்று. மண்டபம் எழுந்து நின்று ஆர்ப்பரித்தது. அக்கா மட்டும் எழவில்லை. கைப்பைக்குள் கைக்குட்டையைத் தேடிக்கொண்டே இருந்தார்.

திரைக்குப் பின்னால் தலைகுனிந்து நின்றேன். “பொறுத்துக்கொள்ளுங்கோ அண்ணை. உங்களுக்குச் சொல்லாமல் செய்திட்டன்.”

“அதை விடுங்கோ மாஸ்டர். மிலான்காரனிலும் பாக்க உங்கடை குரல் திறம்,” என்றவர் என் தோளைப் பற்றி, மெல்லக் கேட்டார்: “றெஜினாவுக்குக் கேட்டிருக்குமே?”

“கேட்டது அண்ணை. நல்லாக் கேட்டது.”

அன்று வீடு திரும்பியதும் நாடகப் படியை எடுத்து, இரண்டு நாள் மெருகிட்ட என் வரியை அடித்துவிட்டு, அவர் சொன்னதை அப்படியே எழுதி வைத்தேன். பிறர் தமிழைத் திருத்தியே நரைத்தவன் நான்; அந்த வரியில் ஒரு புள்ளியைத் தொடவும் எனக்கு மனம் வரவில்லை.