தனிலோ என்ற பெயருக்கு ஆட்சேபனை இல்லை

குழந்தை பிறந்தால் ஒரு மாதத்துக்குள் பெயரைப் பதிய வேண்டும். இது சட்டம். ரொட்டி சுடும் நஸார் சட்டத்துக்குக் கட்டுப்பட்டவன். ஆகவே மகன் பிறந்த பத்தாம் நாளே, போல்தாவா பக்கத்துச் சிறு நகரத்தின் பதிவு அலுவலகத்தில் வரிசையில் நின்றான். மகன் பெயர் தனிலோ. பின்னால் அப்பன் பெயரும் ஒட்டிக்கொள்ளும்: தனிலோ நஸாரோவிச். கிழவனாகிச் சாகிறவரை அந்தப் பிள்ளையை ஊர் அப்படித்தான் மரியாதையாகக் கூப்பிடும். சொல்லிப் பார்க்கும்போதெல்லாம் நஸாருக்கு உச்சி குளிர்ந்தது.

ஆனால் காலம் சரியில்லையே! ஊரெங்கும் பழைய பெயர்களின் மோகம். தொட்டிலுக்குத் தொட்டில் ஒரு பழங்கால இளவரசன் கிடந்து மூத்திரம் போய்க்கொண்டிருந்தான். மேலிடம் சும்மா இருக்குமா? பெயரின் பொருளுக்கு உரிய அதிகாரியிடம் சான்று பெறவேண்டும் என்று சுற்றறிக்கை விட்டது.

பதிவாளர் நதியா மேடம் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டார். முப்பது வருஷ சர்வீஸ்.

"தனிலோன்னா என்ன அர்த்தம்?"

"கடவுளே என் நீதிபதி."

"அப்போ கோர்ட்டுல ஆட்சேபனை இல்லைன்னு எழுதி வாங்கிட்டு வாங்க."

"கைக்குழந்தை மேடம்! அவன் மேல ஒரு கேஸும் இல்லையே!"

"இப்ப இல்ல. வளர்ந்தா?"

அவனுக்கு முன்னால் நின்றவர் மகனுக்கு லுபோமிர் என்று பெயர் வைக்க வந்தவர். அமைதியை நேசிப்பவன் என்று பொருளாம். குழந்தை ராத்திரியில் அழுவதில்லை என்று போலீசில் எழுதி வாங்கப் போயிருந்தார்.

நீதிபதி நஸாரைப் பார்த்து உறுமினார். "எனக்கு மேல இன்னொருத்தரா? பொறந்த உடனே அவ்வளவு திமிரா உன் பையனுக்கு?"

இருபது நாள் அலைய விட்டுக் கடிதம் தந்தார். 'மேற்படி சிசு கடவுளை நீதிபதியாகக் கருத ஆட்சேபனை இல்லை. எனினும் அதனால் இந்நீதிமன்றத்தின் அதிகாரம் எவ்வகையிலும் குறையாது.'

கெடுவின் கடைசி நாள். நதியா மேடம் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"மூணு நகல் வேணுமே."

நஸாருக்குப் பொத்துக்கொண்டு வந்தது. "உங்க பேரு நதியா. நம்பிக்கைன்னு அர்த்தம். இந்த ஆபீசுக்குள்ள எவனாவது நம்பிக்கையைக் கண்ணால பாத்திருக்கானா? எங்க உங்க சான்று? எடுங்க பாப்போம்!"

ஒன்று சொல்ல வேண்டும், அந்த அம்மாள் நேர்மையானவர். சுற்றறிக்கையை முழுசாகப் படித்தார். 'பெயருள்ள யாவருக்கும் பொருந்தும்' என்றிருந்தது. பேனாவை மெல்லக் கீழே வைத்தார்.

"என்கிட்ட இல்லை. அப்போ என் கையெழுத்து செல்லாது. முப்பது வருஷமாவே செல்லாது."

 வரிசையில் நின்ற ஒரு மீசைக்காரர் முகமெல்லாம் மலர்ந்து கேட்டார்: "அப்போ எனக்குக் கல்யாணமே ஆகலையா?"

நஸார் கைகொட்டிச் சிரித்தான். "மாட்டினீங்களா! இப்பவாவது என் பையனுக்குப் பேர் போடுங்க!"

"போடறேன். கையெழுத்துதான் செல்லாது, வட்ட முத்திரை செல்லும்." ஓங்கி ஒரு குத்து குத்திக் காகிதத்தை நீட்டினார்.

பெயர்: தனிலோ. தகப்பன் பெயர் இருக்கவேண்டிய இடத்தில் நீளமாக ஒரு கோடு.

"என்ன மேடம் இது, கோடு?"

"உங்க கல்யாணப் பத்திரத்துல கையெழுத்துப் போட்டது யாரு?"

"நீங்கதான்."

"அதான் செல்லாதே. அப்போ இந்தக் குழந்தைக்கு நீங்க யாரு? நகருங்க, அடுத்த ஆள் வரட்டும்."

வாசலில் நின்றபோது மனைவி ஸொலோமியா போன் பண்ணினாள். "என்னங்க, பேரு கிடைச்சிடுச்சா?"

"கிடைச்சிடுச்சு," என்றான் நஸார். "அப்பன்தான் இல்லாமப் போயிட்டான்."