இன்முகச் சுற்றறிக்கை

மனிதனை மனிதனாக்கியது நெருப்பும் அல்ல, சக்கரமும் அல்ல, சுற்றறிக்கை. ஒரு வாஷிங் மெஷின் கம்பெனியின் புகார்ப் பிரிவில் இருபது ஆண்டுகளாகச் சுற்றறிக்கை தட்டச்சு செய்பவன் என்ற தகுதியில் இதைச் சொல்கிறேன்.

போன வாரம் எங்கள் மேனேஜர் மகத்தான ஓர் ஆணை பிறப்பித்தார்: ‘ஊழியர்கள் இனி இன்முகத்துடன் மட்டுமே பணிக்கு வர வேண்டும்.’ அவசரத்தில் நான் ‘தன்முகத்துடன்’ என்று அடித்துவிட்டேன். ஓரெழுத்துதான். அவரும் வழக்கம்போல் படிக்காமலே கையெழுத்துப் போட்டார்.

மறுநாள், புகார் வாங்கும் கவுண்டரில் உட்காரும் அக்கா தன் முகத்துடனேயே வந்துவிட்டார். பதினோரு வருடமாகத் ‘தற்காலிகமாக’ச் சிரித்துக்கொண்டிருப்பவர். வீட்டில் கணவர் படுத்த படுக்கை. அக்காவை வேலையில் நிரந்தரமாக்கும் கோப்பு அன்றுதான் மேனேஜர் மேஜைக்கு வந்திருந்தது. அக்கா முகத்தில் பவுடர் இல்லை, சாயம் இல்லை, சிரிப்பும் இல்லை. கண்ணுக்குக் கீழே கருவளையம் மட்டும் இருந்தது.

முதல் வாடிக்கையாளர் கத்திக்கொண்டே நுழைந்தார்.

“மூணு தடவ ரிப்பேர் பண்ணியும் தண்ணி ஒழுகுது!”

“கேக்கற எனக்கே கோவம் வருது சார். உக்காருங்க.”

மனிதர் உட்கார்ந்துவிட்டார். குரலும் இறங்கிவிட்டது. “நீங்க சாப்ட்டீங்களாம்மா?” என்று வேறு கேட்டார். எங்கள் பிரிவின் வரலாற்றில் இப்படியொரு ‘ஒழுங்கீனம்’ நடந்ததே இல்லை.

மேனேஜர் அக்காவைத் தன் அறைக்கு அழைத்தார். சாட்சிக்கு நான்.

“முகத்துக்கு என்னம்மா ஆச்சு?”

“இதுதான் சார் என் முகம்.”

“அப்ப இத்தனை வருஷமா நாங்க பாத்தது?”

“அது ஆபீஸோடது சார். சொந்த முகத்தோட வரலாம்னு சர்க்குலர்ல படிச்சதும் அழுகையே வந்துடுச்சு.”

மேனேஜர் தம் வாழ்நாளில் முதன்முறையாகத் தம் சுற்றறிக்கையைப் படித்தார். முகம் சிவந்தது.

“நான் கையெழுத்துப் போட்டதுல தப்பு இருக்காது. உங்களுக்குத்தான் தமிழ் படிக்கத் தெரியல. என்னய்யா, நான் சொல்றது சரிதானே?”

கடைசிக் கேள்வி என்னிடம். ‘பிழை என்னுடையது’ என்று இரண்டு வார்த்தை சொன்னால் போதும். அக்காவும் என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். நான் மேனேஜர் பக்கம் திரும்பி, பல் தெரியச் சிரித்தேன்.

“பாத்துக்கங்கம்மா, இதுதான் இன்முகம்!” என்றபடி மேனேஜர் கோப்பில் ‘தகுதியற்றவர்’ என்று எழுதினார். நாளையிலிருந்து வர வேண்டாமாம்.

அக்கா பையை எடுத்துக்கொண்டார். வாசலில் நின்று திரும்பினார்.

“அண்ணே, உங்களுக்குன்னு ஒரு முகம் இருக்கா?”

அலுவலக நேரம் என்பதால், அதற்கும் சிரித்தேன்.