மேல்வீட்டு உரலுக்குத் தடையுத்தரவு

என் மதியத் தூக்கத்தைக் காப்பாற்ற நான் நீதிமன்றம் வரை போனேன். சிரிக்காதீர்கள். முப்பது வருஷம் நீதிமன்றத்தில் கோப்பு தூக்கி ஓய்வு பெற்றவன் நான்.

சிங்கப்பூர் ஈசூனில், அடுக்குமாடியில் எங்கள் வீட்டுக்கு நேர் மேலே உமாமகேஸ்வரி குடியிருக்கிறார். சம்பால் என்ற மிளகாய் விழுதை இடித்து, பாட்டிலில் அடைத்து விற்கிறார். மதியம் இரண்டு மணியானால் உரல் ஆரம்பித்துவிடும். டொக், டொக், டொக். என் கட்டில் ஒரு அங்குலம் நகரும்.

அண்டை வீட்டார் தகராறுகளை விசாரிக்கும் மன்றத்தில் மனுப் போட்டேன். என் மனைவி பரீதாவுக்குப் பிடிக்கவில்லை.

"ஏங்க, நேர்ல போய் சொன்னா போதாதா? கேஸ் எதுக்கு?"

"சட்டம்னா சட்டம்தான் லா."

"அப்ப உங்க குறட்டைக்கு நான் கேஸ் போடலாமா?"

"முடியாது. ஒரே வீட்டுல இருக்கவங்க மேல அங்க கேஸ் போட முடியாது. அக்கம்பக்கத்துக்கு மட்டும்தான்."

"அப்படியா," என்று மட்டும் சொன்னாள். அப்போதே நான் பயந்திருக்க வேண்டும்.

மன்றத்தில் இரண்டு தரப்பும் ஒத்துக்கொண்டு உத்தரவு எழுதும் கட்டம் வந்தது. "மேல்வீட்டிலிருந்து சத்தம் வரக் கூடாது என்று பொதுவாகப் போடலாமே" என்றார் அங்கிருந்த அதிகாரி. நான் விடவில்லை. பொதுவாகப் போட்டால் ஆள் நழுவிவிடும் என்பது என் அனுபவம். "உமாமகேஸ்வரி, தகப்பனார் பெயர் கோவிந்தராசு, மதியம் இரண்டு முதல் நான்கு வரை உரலில் இடிக்கக் கூடாது" என்று வாசகத்தை நானே சொன்னேன். மீறினால் நீதிமன்ற அவமதிப்பு வரை போகும்.

ஒரு வாரம் நிம்மதியாகத் தூங்கினேன். உமாமகேஸ்வரி வழக்கமாகக் கொடுத்தனுப்பும் சம்பால் நின்றுபோனது ஒன்றுதான் குறை.

எட்டாம் நாள் தட்டில் திடீரென்று சம்பால் வந்தது. காரணம் கேட்காமல் இரண்டு கரண்டி போட்டுச் சாப்பிட்டுவிட்டுப் படுத்தேன். இரண்டு பத்துக்கு, டொக்.

உண்மையைச் சொல்கிறேன், எனக்குச் சந்தோஷமாக இருந்தது. நோட்டில் தேதியும் நேரமும் குறித்தேன். கைபேசியில் பதிவு செய்தேன். சாட்சிக்குப் பரீதாவைக் கூப்பிட்டேன். வீட்டில் இல்லை. சட்டையை மாட்டிக்கொண்டு மேலே போனேன்.

கதவைத் திறந்தது உமாமகேஸ்வரி. இரண்டு கையும் சும்மா இருந்தன. உள்ளே டொக், டொக் நிற்கவில்லை.

"வாங்க ரவூப் அண்ணே. டீ குடிக்கிறீங்களா?"

"கோர்ட் ஆர்டரை மீறிட்டீங்க. இது அவமதிப்பு."

"நான் இடிக்கலையே அண்ணே."

"பின்ன யாரு?"

சமையலறையிலிருந்து பரீதா வந்தாள். கையில் உலக்கை, கன்னத்தில் மிளகாய் விதை.

"நான்தான். உங்களால ஒரு வாரமா வியாபாரம் தேங்கிப் போச்சு. அந்த உத்தரவுல என் பேரு இருக்கா?"

மனதுக்குள் உத்தரவை முதல் வரியிலிருந்து ஓட்டிப் பார்த்தேன். இல்லை.

"உன் மேலயும் மனுப் போடுவேன்."

"போடுங்க. ஒரே வீட்டுல இருக்கவங்க மேல போட முடியாதுன்னு யாரோ சொன்னாங்க."

நோட்டை மூடினேன்.

இப்போதெல்லாம் பரீதா மதியத்தில் நன்றாகத் தூங்குகிறாள். தேங்கிய வியாபாரத்தை ஈடுகட்ட, இரண்டு மணிக்கு மேல்வீட்டில் இடிப்பது நான். உத்தரவில் என் பெயரும் இல்லையாம்.