மீசையும் சேர்த்து எடுத்த மொட்டை

என்னைப் பார்த்து ஜனங்கள் கதறி அழுதது வாழ்க்கையில் ஒரே ஒரு முறைதான். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அப்போது நான் நடித்துக்கொண்டிருக்கவில்லை.

ஐம்பதுகளின் நடுவில் ஐந்தருவியில் ஒரு படப்பிடிப்பு. மடத்துச் சீடன் வேஷத்துக்கு ஆள் தேடினார்கள். ஒரே ஒரு வசனம்: "குருவே, நேரமாகிறது." தென்காசியில் அப்பாவின் புண்ணாக்குக் கடையில் உட்கார்ந்திருந்தவனுக்கு அது போதாதா? அப்பா சரக்கெடுக்க ராயகிரி போன சமயம் பார்த்து நழுவினேன். தலையைக் கேட்டார்கள், கொடுத்தேன். மீசையையும் கேட்டார்கள், கொடுத்தேன். (கேட்டிருந்தால் காதையும் கொடுத்திருப்பேன்.) டைரக்டருக்கு என்னைப் பிடித்துப்போனது. மறுநாள் மெட்ராஸ் கிளம்புகிறோம், வீட்டில் உத்தரவு வாங்கி வா என்றார். அப்பா மாட்டேன் என்றால் ஆயுசுக்கும் புண்ணாக்குதான்.

குற்றாலத்தில் பஸ் ஏறினேன். ஒரு பெரியவர் எழுந்து இடம் கொடுத்தார். எங்கள் தெரு அண்ணாச்சி ஒருவர் என் கையைப் பிடித்துக்கொண்டு பேச்சில்லாமல் வந்தார். (அதற்குள் புகழ் பரவிவிட்டது என்று நினைத்தேன், பாவி.) எல்லாருக்கும் அடக்கமாகத் தலையாட்டினேன்.

அந்த அண்ணாச்சி முன்னால் இறங்கி ஓடியிருக்கிறார். நான் வீட்டை நெருங்கும்போது பெண்கள் மாரில் அடித்து அழுகிறார்கள். அம்மா ஓடிவந்து என் சட்டையைப் பிடித்தாள்.

"ராயகிரிக்குத்தானலே போனாக? அவுகள எங்கன வச்சிருக்க?"

ஐயோ, அப்பா போய்விட்டாரா! நானும் அலறினேன். அதுவரை சந்தேகப்பட்டவர்களும் என் அலறலைக் கேட்டு உட்கார்ந்து அழுதார்கள்.

அரை மணி நேரம் கழித்து அப்பா வந்தார். கூட்டத்தைப் பார்த்துத் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு, "யாருலே போனது?" என்று என்னிடமே கேட்டார்.

"நீங்கதாம்ப்பா," என்றேன்.

அம்மா மயங்கி விழுந்தாள். அப்பா என் தலையைப் பார்த்தார், மீசை இருந்த இடத்தைப் பார்த்தார். எங்கள் பக்கம் வேண்டுதல் மொட்டைக்கு மீசையைத் தொடமாட்டார்கள். இரண்டும் சேர்ந்து போனால் தகப்பன் போய்விட்டார் என்று அர்த்தம். அப்போதுதான் எனக்கே உறைத்தது. உதை நிச்சயம் என்று கண்ணை மூடிக்கொண்டு எல்லாவற்றையும் ஒப்பித்தேன், மெட்ராஸ் உட்பட.

அப்பா தண்ணீர் வாங்கிக் குடித்தார். வீங்கிப்போன முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

"ஒரு வசனம் பேசாம தெருவையே அழ வச்சிட்டான். இவன வச்சா நான் புண்ணாக்கு விக்கது? போகட்டு."

போனேன். சீடன், பூசாரி, கைதி என்று எத்தனையோ மொட்டை வேஷங்கள். மழித்த தலையோடு நான் ஊர் வரும்போதெல்லாம் அப்பா ஸ்டேஷனுக்கே வந்து எனக்கு முன்னால் நடப்பார். கேட்காதவர்களுக்கும் "இருக்கேன், இருக்கேன்" என்று சொல்லிக்கொண்டே போவார். கடைத்தெருவே சிரிக்கும்.

அறுபதுகளின் கடைசியில் அப்பா நிஜமாகவே போனார். காரியம் முடிந்து கடையைத் திறக்கத் தனியாகப் போனேன். சிவகிரியிலிருந்து வரும் பழைய வாடிக்கைக்காரர் என் தலையைப் பார்த்ததும் சிரித்துவிட்டார். "என்ன படம், தம்பி? அப்பாவ எங்கன காணோம்?"

அப்பா போயிட்டாக என்றேன். அவர் இன்னும் பலமாகச் சிரித்தார்.