கட்டளை திருத்துகிறவர்

யார் சொன்னது, அந்த அச்சகத்து ஃபோர்மேனைப் பெண்டாட்டி அடிமையாக வைத்திருக்கிறாள் என்று? மாடி வீட்டு அக்காவா? அவள் கிடக்கிறாள், விடுங்கள். அது அவராகக் கேட்டு வாங்கிக்கொண்ட அடிமைத்தனம். கேட்டு வாங்கியதிலும் குறை கண்டுபிடிக்கிற ஓர் இனம் உலகத்தில் உண்டு; நம் ஃபோர்மேன் அதில் முதல் ஆள். நான் மறைக்கவில்லை.

மை காயாத தாளை அடுக்கிவிட்டார்கள் என்று பகலெல்லாம் நாற்பது பேரிடம் தொண்டை கிழியக் கத்திவிட்டு வருகிற மனுஷனுக்கு, சாயங்காலம் ஒரு மணி நேரமாவது யாராவது தன்னை அதட்டமாட்டார்களா என்று ஏக்கம். இதில் என்ன தப்பு? புருஷனும் பெண்டாட்டியும் உட்கார்ந்து பேசித்தான் முடிவெடுத்தார்கள். கதவைச் சாத்தியதும் அவர் மண்டிபோடுவார். அவள் அவர் மணிக்கட்டில் ஒரு தோல் பட்டையைக் கட்டுவாள். அதை அவிழ்க்கும்வரை அவள் வைத்ததே சட்டம். இருவரில் யார் "போதும்" என்றாலும் அந்த நிமிஷமே எல்லாம் நின்றுவிடும். எத்தனை கல்யாணத்தில் இருக்கிறது இந்த வசதி?

ஆனால் ஆள் மண்டிபோட்டால் ஆயிற்றா? வாய் மண்டிபோட வேண்டாமா?

"இங்க வாங்க," என்பாள்.

"'வாங்க' இல்லம்மா, 'வா'. கொஞ்சம் முறைச்சுக்கிட்டே சொல்லு."

"வா."

"ம், பரவாயில்ல. பட்டையை இன்னும் ஒரு ஓட்டை இறுக்கு. தலையைக் குனியச் சொல்லலியே?"

சரணாகதியாம்! அதட்டுவது அவளுக்கும் பிடித்துத்தான் இருந்தது, பாவம். இவர் மெய்ப்புத் திருத்துகிற மாதிரி திருத்தித் திருத்தி, அவளை அச்சகத்தின் நாற்பத்தோராவது ஆளாக்கிவிட்டார்.

ஒரு நாள் அவள் பட்டையைக் கட்டாமல் கையிலேயே வைத்துக்கொண்டாள்.

"என்னை நம்புறீங்களா, இல்லையா? நம்பலைன்னா இன்னியோட இதை விட்டுடலாம். கோபமெல்லாம் இல்ல."

அவர் மணிக்கட்டை நீட்டினார். "நம்புறேன்."

கட்டினாள். "வெளிய போ. நான் கூப்பிடுற வரைக்கும் வராதே."

எங்கே? எவ்வளவு நேரம்? இந்தச் சட்டையோடா? கேள்விகள் தொண்டைவரை முட்டின. அவள் கதவைப் பார்த்துக் கையை நீட்டியிருந்தால் இன்னும் எடுப்பாக இருந்திருக்கும் என்று ஒரு யோசனைகூட நுனி நாக்கில் நின்றது. அவள் பார்த்துக்கொண்டே நின்றாள். அத்தனையையும் விழுங்கினார். கதவைத் திறந்து, வெறுங்காலோடு தெருவில் இறங்கினார்.

"துரத்திட்டாளா தம்பி?" என்றாள் மாடியிலிருந்து அக்கா.

"போகச் சொன்னா, போறேன்க்கா," என்று சிரித்துவிட்டு நடந்தார் மனுஷன்.

நீங்கள் ஏன் சிரிக்கிறீர்கள்? செருப்பையாவது போட்டுக்கொண்டு போகச் சொல்லியிருக்கலாம் என்று இப்போது மனசுக்குள் அவள் கட்டளையைத் திருத்தினீர்களே, நான் பார்க்கவில்லை என்று நினைப்பா?