பை-எலெக்சன் அண்ணையின் பச்சைப் பெட்டி

வெள்ளைக்காரன் இலங்கையை விட்டுப் போய்விட்டான் என்ற செய்தி ஜேர்மனியின் ஹனோவர் நகரில் ஒருவருக்கு மட்டும் இன்னும் வந்து சேரவில்லை. அவரை நாங்கள் பை-எலெக்சன் அண்ணை என்போம். சொந்தப் பெயர் வெளிநாட்டவர் அலுவலகத்துக்கு மட்டும்தான் தெரியும்.

வெள்ளைக்காரன் காலத்தில், யாழ்ப்பாணத்துக் கிராமத் தொகுதி ஒன்றில் உறுப்பினர் இறந்துபோக, இடைத்தேர்தல் வந்ததாம். அப்போது சின்னம் கிடையாது. ஆளுக்கொரு நிறம், நிறத்துக்கொரு பெட்டி. அண்ணையின் தகப்பன் பச்சைக்கு வேலை செய்தார். பச்சை தோற்றது.

"பெட்டி வண்டிலிலை வரேக்கை வெயிலுக்குப் பச்சைப் பெயின்ற் வெளிறிப் போச்சு. சனம் பச்சையைத் தேடிப் பாத்திட்டு, கிடைச்ச பெட்டியிலை போட்டிட்டுது. நான் கண்ணாலை கண்டனான்."

"அண்ணை, நீங்கள் அப்ப பிறக்கேல்லையே?"

"பிறக்காட்டில் பாக்கேலாதோ?"

இந்த வரலாற்றைக் கல்யாண வீட்டிலும் செத்த வீட்டிலும் பல் வைத்தியரின் காத்திருப்பு அறையிலும் கேட்டிருக்கிறேன்.

போன குளிர்காலம் எங்கள் தமிழ்ச் சங்கத் தலைவர் மகளோடு இருக்கக் கனடா போய்விட்டார். வழக்கமாக, கூட்டத்தில் கடைசியாகத் தலையைக் குனிபவரைத் தலைவராக்கிவிடுவோம். அண்ணை எழுந்தார்.

"அது ஏலாது. இடைத்தேர்தல் வையுங்கோ. பெட்டி நான் கொண்டு வாறன்."

அண்ணை பச்சை. பெயின்ற் தடிப்பாக அடித்திருந்தார். சிவப்புக்கு, முதியோர் இல்லத்தில் வேலை செய்யும் மலர் அக்காவைக் கெஞ்சிப் பிடித்தோம்.

ஞாயிறு மத்தியானம், தும்மினாலும் அயலவர் முறைப்பாடு செய்யும் நேரத்தில், அண்ணை தன் வான் வண்டியில் ஒலிபெருக்கி கட்டிப் பிரசாரம் போனார். வந்த பொலிஸ்காரர் தெரியாத்தனமாக, "என்ன தேர்தல்?" என்று கேட்டுவிட்டார். அண்ணை ஆதியிலிருந்து விளக்கினார். பொலிஸ்காரர் தண்டம் எழுதாமலே தப்பிப் போனார்.

தேர்தலன்று பனி கொட்டியது. வயதானவர்களை அண்ணையே வானில் ஏற்றினார். துணைக்கு நான் போனேன். மலர் அக்காவின் மாமியார் வீட்டு வாசலிலும் வான் நின்றது.

"அண்ணை, இவை அக்காவின்ரை ஆக்களெல்லோ?"

குரலைத் தாழ்த்தினார். "அண்டைக்கு அப்பா மற்றப் பக்கத்துச் சனத்தை வண்டிலிலை ஏத்திக்கொண்டு போய், வேறை ஊர்க் கோயிலடியிலை இறக்கிவிட்டவர். அப்பிடிச் செய்தும் தோத்தவை. நான் ஒழுங்காத் தோக்கப்போறன்."

பின்னேரம் எண்ணினோம். பச்சைப் பெட்டி பிதுங்கியது. பாவம், வேறு யாரும் போடமாட்டார்கள் என்று நினைத்து ஆளாளுக்கு அவருக்கே போட்டிருந்தோம். சிவப்பில் ஒரேயொரு வாக்கு.

"இதிலை ஏதோ கள்ளம் நடந்திருக்கு. திருப்பி எண்ணுங்கோ," என்றார், வென்றவர்.

திருப்பி எண்ணினோம். அதே ஒன்றுதான். யாரோ மலர் அக்காவின் தோளை ஆறுதலாகத் தட்டினார்கள்.

"எனக்கேன் ஆறுதல்? நானும் அண்ணைக்குத்தான் போட்டனான்," என்றார் அக்கா.

அண்ணை தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார்.

"அந்த ஒண்டு நான் போட்டது, தங்கச்சி."